காரல் வெறும் சங்காயமா? பாக் விரிகுடாவின் சிறுமீன் குறித்துச் சில குறிப்புகள்

ஏப்ரல் 28

வாசகர் ஒருவர் எழுப்பிய கேள்வி: "தடைக்காலம், மீன்வளம் என்று பேசும்போதெல்லாம் சிலர் காரலைப் பற்றிக் கவலைப்படுகிறார்கள். காரல் சங்காயம்தானே, கழித்துத் தள்ளும் மலிவு மீன்தானே? கோழித் தீவனத்துக்கு அரைபடும் மீன் குறைந்தால் யாருக்கு என்ன நட்டம்? அது இருட்டில் ஒளிரும் என்றும் சொல்கிறார்கள். அதையாவது நம்பலாமா?"

இரண்டாவது கேள்விக்கு விடை: நம்பலாம். அதைப் பின்னால் விரிவாக எழுதுகிறேன். முதல் கேள்வியில் உள்ள கருத்தை என்னால் ஏற்க இயலாது. காரல் சங்காயமாகப் பிறப்பதில்லை. விசைப்படகு கடல்தரையோடு இழுத்துச் செல்லும் இழுவைமடி வலையின் அடிப்பையில் மணிக்கணக்கில் நசுங்கி, நண்டோடும் சேற்றோடும் கலந்து, தளத்தில் கொட்டப்பட்டு, ஐஸ் இல்லாமல் கிடந்தபின் எந்த மீனும் சங்காயம்தான். அதே காரலை நாட்டுப்படகுக்காரர் வலையிலிருந்து உதறி எடுத்து, விடிவதற்குள் கரைக்குக் கொண்டுவந்தால், அது தனிக் கூடையில் வைக்கப்பட்டுத் தனி விலைக்கு ஏலம் போகிறது. நான் தொண்டிப் பக்கத்துக் கடற்கரையில் வளர்ந்தவன். எங்கள் வீட்டில் வாரத்தில் பாதி நாள் அடுப்பில் இருந்தது இந்த மீன்தான்.

ஏப்ரல் 28, இரவு

சென்னைப் பக்கம் காரப்பொடி என்று வாங்குகிறோமே, அதுவா என்று கேட்டிருக்கிறார்கள். ஆம், அந்தக் குடும்பத்தின் சிறிய மீன்களே காரப்பொடி எனப்படுபவை.

காரலைக் கையில் எடுத்துப் பார்த்திராதவர்களுக்காக எழுதுகிறேன். உள்ளங்கையில் அடங்கும் தட்டையான மீன். பெரும்பாலான இனங்கள் 15 சென்டிமீட்டரைத் தாண்டுவதில்லை; சில இனங்கள் 8 சென்டிமீட்டர் அளவிலேயே முழு வளர்ச்சி அடைந்துவிடுகின்றன. செதில் மிகப் பொடியாக இருப்பதால் தோல் வழவழப்பான வெள்ளித் தகடாகத் தோன்றும். அதன்மேல் கொழகொழவென்று கோழை படிந்திருக்கும். ஒரு கூடை காரலை வழித்தெடுத்தால் கை முழுவதும் அந்தக் கோழைதான். மீனின் மேலுதட்டை நகத்தால் மெல்லப் பிடித்து இழுத்தால், மடக்குக் குடையின் காம்பு நீள்வது போல வாய் ஒரு குழலாக வெளியே நீளும். விட்டால் உள்ளே மடங்கிக்கொள்ளும். முதுகுத் துடுப்பின் முன்முள்ளைப் படுக்க வைக்கப் பார்த்தால் சட்டென்று படுக்காது. நிமிர்ந்த நிலையில் முள்ளைப் பூட்டி வைக்கும் அமைப்பு அதன் அடியில் இருக்கிறது. விழுங்க வரும் மீனின் தொண்டையில் குறுக்கே நிற்பதற்கான ஏற்பாடு அது. மீன் அரியும்போது விரல் குத்துப்படுவதும் அந்த முள்ளால்தான்.

ஏப்ரல் 30

வாழிடத்தைப் பற்றித் தனியாக எழுத வேண்டும் என்று தோன்றியது.

செங்கடலிலிருந்து பசிபிக் தீவுகள் வரை, வெப்பக் கடல்களின் கரையோரம் முழுவதும் இந்தக் குடும்பம் பரவியிருக்கிறது. சூயஸ் கால்வாய் வெட்டப்பட்ட பிறகு அதன் வழியாக மத்தியதரைக் கடலுக்குள் குடியேறிய காரல் இனமும் உண்டு. எனினும், இந்தியாவில் காரல் மிகுதியாகப் பிடிபடும் மாநிலம் தமிழ்நாடு. அதிலும் முதன்மையான இடம் பாக் விரிகுடா. இதற்குக் காரணம் அந்தக் கடலின் தரையே. பாக் விரிகுடாவின் பெரும்பகுதி 15 மீட்டர் ஆழத்துக்குள் அடங்கிவிடுகிறது. தரை சேறும் மணலும் கலந்தது. கரையை ஒட்டித் தாழை என்று எங்கள் பக்கத்தில் சொல்லப்படும் கடற்புல் வெளிகள் விரிந்திருக்கின்றன. ஆறுகளும் ஓடைகளும் கொண்டுவந்து சேர்க்கும் வண்டலில் புழுக்களும் நுண்ணிய கணுக்காலிகளும் நிறைந்திருக்கின்றன. வாயைக் கீழ்நோக்கிக் குழலாக நீட்டி அவற்றை உறிஞ்சி உண்ணும் மீனுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் அமைவது அரிது.

இராமேசுவரம் தீவின் இருபுறமும் உள்ள நீர் ஒன்றல்ல என்பது பாம்பன், மண்டபம் மக்கள் நன்கறிந்த செய்தி. வடகடல், அதாவது பாக் விரிகுடா, ஆழம் குறைந்த, ஒதுங்கிய நீர். தென்கடல், அதாவது மன்னார் வளைகுடா, பவளப்பார்களும் தீவுகளும் உடையது, கரையிலிருந்து போகப் போக நன்றாக ஆழமாவது. வாடைக் காலத்தில் வடகடலும், கச்சான் என்னும் தென்மேற்குக் காற்றுக் காலத்தில் தென்கடலும் கொந்தளிப்பதால், படகுகளைப் பருவத்துக்கேற்ப ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கத்துக்குக் கொண்டுபோய்த் தொழில் செய்யும் வழக்கம் அங்கே நெடுநாளாக உண்டு. காரல் இரு கடலிலும் பிடிபடுகிறது. ஆனால் கூட்டம் கூட்டமாக, வலையைத் தூக்க முடியாத அளவுக்கு அது விழுவது வடகடலின் சேற்றுத் தரையில்தான்.

மே 4

ஒளியைப் பற்றிய கேள்விக்கு வருகிறேன்.

காரலின் உடலில் ஒளி உண்டாகும் இடம் தோலில் இல்லை, கண்ணிலும் இல்லை. உணவுக்குழல் இரைப்பையில் சேரும் இடத்தில், அந்தக் குழலைச் சுற்றி ஒரு வளையம் போல ஓர் உறுப்பு இருக்கிறது. அதற்குள் குடியிருப்பவை ஒளி உமிழும் பாக்டீரியாக்கள். 1967இல் அவற்றுக்கு இடப்பட்ட அறிவியல் பெயர் இப்போது ஃபோட்டோபாக்டீரியம் லியோக்னாதி என்று வழங்குகிறது. மீன் அவற்றுக்கு இடமும் உணவும் தருகிறது. அவை இரவு பகல் பாராமல் நீலம் கலந்த பச்சை ஒளியை உமிழ்கின்றன. பாக்டீரியாக்கள் தம் ஒளியை நினைத்தபோது அணைக்க மாட்டா. ஆகவே அணைப்பதும் திறப்பதும் மீனின் வேலை. உறுப்பைச் சுற்றியுள்ள திரை போன்ற தசையால் அது ஒளியை மறைக்கவும் விடவும் செய்கிறது. வெளியே விடப்படும் ஒளி காற்றுப்பைக்குள் புகுந்து, அதன் உட்சுவரில் உள்ள பளபளப்பான படலத்தில் பட்டுத் திரும்பி, வயிற்றுப் புறத்தின் ஒளி ஊடுருவும் தசை வழியாகக் கீழ்நோக்கிப் பரவுகிறது. இவ்வளவு அமைப்பும் நாம் ஒரு கை அள்ளிச் சட்டியில் போடும் மீனுக்குள் இருக்கிறது என்பதை முதன்முதலில் படித்தபோது, என்னால் அன்று மீன் அரிபவரின் பக்கத்திலிருந்து எழுந்து போக இயலவில்லை.

இந்த உறுப்பை ஹார்ம்ஸ் என்ற செருமானிய ஆய்வாளர் 1920களில் விவரித்தார். பசிபிக் தீவுகளில் பணியாற்றிய ஜப்பானிய ஆய்வாளர் யாத்தா ஹனேதா 1940இல் இக்குடும்பத்தின் ஒளியைப் பற்றித் தனிக் கட்டுரை எழுதினார். ஒளியால் மீனுக்கு என்ன பயன் என்பதற்கு ஹேஸ்டிங்ஸ் என்ற ஆய்வாளர் 1971இல் ஒரு விளக்கம் முன்வைத்தார். ஆழம் குறைந்த கடலில், கீழிருந்து மேல்நோக்கிப் பார்க்கும் வேட்டைமீனுக்கு மேலே நீந்தும் மீன் வெளிச்சமான நீரில் ஒரு கரிய நிழலாகத் தெரியும். வயிற்றிலிருந்து மங்கலான ஒளி வந்தால் அந்த நிழல் கரைந்துபோகும். அந்த விளக்கத்தின்படி காரல் ஒளிர்வது தன்னை மறைத்துக்கொள்வதற்காக.

முட்டையிலிருந்து வெளிவரும் குஞ்சுக்கு இந்த ஒளி கிடையாது. தாயிடமிருந்து பாக்டீரியா வருவதில்லை. உறுப்பு உருவான பிறகு, குஞ்சு தான் வாழும் கடல்நீரிலிருந்துதான் அதைப் பெற வேண்டும். வளர்ந்த காரல்களோ உறுப்பில் பெருகும் பாக்டீரியாக்களில் ஒரு பகுதியைக் குடல் வழியாக நீரில் விட்டுக்கொண்டே இருக்கின்றன. ஒரு தலைமுறை நீரில் விட்டதை அடுத்த தலைமுறை எடுத்துக்கொள்கிறது.

மே 5

"மண்சட்டியில் வைத்திருந்த மீன் நள்ளிரவில் நீலமாக ஒளிர்ந்தது, காரல் அல்ல, வேறு மீன்" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அது வேறு நிகழ்வு. பிடித்துச் சில மணி நேரம் ஆன, கடல்நீரின் உப்பு போகாத எந்த மீனின் மேல்தோலிலும் கடலில் இயல்பாக இருக்கும் ஒளி பாக்டீரியாக்கள் பெருகி ஒளிரலாம். காரலில் நாம் பேசுவது உயிரோடு இருக்கும்போதே உள்ளுறுப்பில் இருக்கும் ஒளி. அதைப் பார்க்க வேண்டுமானால் பிடித்த சூட்டோடு, நல்ல இருட்டறையில், கண் இருளுக்குப் பழகும் வரை காத்திருந்து, தலைக்குப் பின்னால் வயிற்றைத் திறந்து உணவுக்குழலின் அடியைப் பார்க்க வேண்டும். ஐஸில் கிடந்த மீனில் எதுவும் தெரியாமல் போகலாம்.

மே 11

முந்தைய குறிப்பைத் திரும்பப் படித்தபோது, மறைவதற்கான ஒளி என்பதோடு நிறுத்திவிடுவது போதாது என்று தோன்றியது. பல காரல் இனங்களில் ஆணின் ஒளியுறுப்பு பெண்ணினுடையதைவிடப் பெரியது. அவற்றின் ஆண்களுக்குக் கன்னத்திலோ விலாவிலோ ஒளி ஊடுருவும் திட்டு ஒன்று சாளரம் போல அமைந்திருக்கிறது. அதன் வடிவம் இனத்துக்கு இனம் வேறு. மறைவதற்கு மட்டுமே ஒளி என்றால் ஆணுக்குத் தனிச் சாளரம் தேவையில்லை. லியோக்னாதஸ் ஸ்ப்ளெண்டென்ஸ் என்ற இனத்தின் கூட்டம் இரவில் ஒரே தாளத்தில் விட்டுவிட்டு ஒளிர்ந்ததை ஆய்வாளர்கள் 2002இல் எழுதியிருக்கிறார்கள். வயிற்றொளி மறைவதற்கும், பக்கவாட்டு ஒளி தன் இனத்தைத் தேடுவதற்கும் என்று கொள்வதே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது.

மே 12

"காரல் என்பது ஒரே மீனா, பலவா?" பல. கூடையிலேயே பிரித்துப் பார்க்கலாம். வாயை இழுத்தால் கீழ்நோக்கி நீள்பவை லியோக்னாதஸ் வகையும் அதன் உறவினங்களும்; இவை தரையில் மேய்பவை. மேல்நோக்கி நீள்பவை செக்யூடர் வகை. இவை நீரில் மிதக்கும் நுண்ணுயிர்களை உண்பவை, உருவிலும் சிறியவை. நேர் முன்னால் நீண்டு, உள்ளே கூரிய கோரைப்பற்கள் இருந்தால் அது காஸா வகை. அது சிறு மீன்களையும் இறாலையும் பிடித்து உண்ணும். ஒரே சேற்றுத் தரையின் மேல், ஒரே கூட்டத்தோடு கூட்டமாக விழும் இவை உணவில் ஒன்றோடொன்று மோதாமல் பிழைப்பது இப்படித்தான்.

இந்தப் பிரிவினைகளை இந்தியக் கடலுக்கு விரிவாகச் செய்து தந்தவர் மண்டபத்தில் பணியாற்றிய பி.எஸ்.பி.ஆர். ஜேம்ஸ். மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் 1947இல் தொடங்கப்பட்டுப் பல ஆண்டுகள் மண்டபத்தைத் தலைமையிடமாகக் கொண்டிருந்தது. அந்நிலையத்தின் இயக்குநராக இருந்த எஸ். ஜோன்ஸின் பெயரில் ஒரு காரல் இனத்தை ஜேம்ஸ் 1971இல் விவரித்தார். சங்காயம் என்று தள்ளப்படும் குவியலுக்குள் தனி இனங்கள் இருக்கின்றன என்பதை இந்தக் கரையிலேயே உட்கார்ந்து ஒருவர் முள்ளையும் பல்லையும் எண்ணி நிறுவியிருக்கிறார்.

மே 12, மாலை

முத்துப்பேட்டை நண்பருக்கு: ஆம், அலையாத்திக் காட்டின் வாய்க்கால்களிலும் காரல் குஞ்சுகள் இருக்கும். குறிப்பாக லியோக்னாதஸ் ஈக்வுலா என்னும் பெரிய காரல் உவர்நீரைத் தாங்கக்கூடியது. இளம்பருவத்தில் கழிமுகங்களுக்குள்ளும் ஏறிவரும். எல்லா இனங்களும் அப்படி வருவதில்லை.

மே 20

சமையலைப் பற்றி இத்தனை பேர் கேட்பார்கள் என்று எதிர்பார்க்கவில்லை.

கோழையை நீக்குவதுதான் முதல் வேலை. கல்லுப்பைத் தூவி, சொரசொரப்பான கல்லிலோ மண்சட்டியின் அடியிலோ வைத்து உரசி, இரண்டு மூன்று தண்ணீரில் அலச வேண்டும். வயிற்றைக் கிள்ளி எடுத்தபின், சிறியவற்றை முழுதாகவே போடலாம். குழம்புக்குப் புளி சற்றுத் தூக்கலாக இருக்க வேண்டும். மீனைக் கடைசியில் போட்டு ஒரே கொதியில் இறக்கிவிட வேண்டும்; கரண்டியால் கிண்டினால் சதை முள்ளிலிருந்து கழன்று குழம்பே முள்ளாகிவிடும். பொடியைப் பொரித்தால் முள்ளோடு மென்று தின்னலாம். பிள்ளை பெற்றவளுக்குப் பால் சுரக்கும் என்று என் அப்பத்தா காரலைத்தான் தேடி வாங்குவார். யாழ்ப்பாணத்து வாசகர் ஒருவர் தம் வீட்டில் அதே காரணத்துக்காகக் காரல் சொதி வைப்பார்கள் என்று எழுதியதைப் படித்து மகிழ்ந்தேன். பாக் நீரிணையின் இரு கரையிலும் ஒரே மீன் ஒரே நம்பிக்கையோடு பிள்ளை பெற்றவளின் இலைக்குப் போயிருக்கிறது.

கருவாடாக்கும்போது வெயில் நன்றாக இருந்தால் காரல் விரைவில் காய்ந்துவிடும், மெல்லிய உடம்பு. மலிவான புரதமாக உள்நாட்டுச் சந்தைகளுக்குப் போய்ச் சேர்ந்ததும் இந்தக் கருவாடுதான்.

மே 27

இந்தக் குறிப்பு நீளமாக இருக்கும். காரல் குறைந்தால் யாருக்கு நட்டம் என்ற முதல் கேள்விக்கான என் விடை இதில்தான் இருக்கிறது.

பாக் விரிகுடாவில் இழுவைமடி விசைப்படகுகள் 1960களில் பரவத் தொடங்கின. இறாலுக்காக வந்தவை அவை. இறால் இருக்கும் சேற்றுத் தரைதான் காரலின் தரையும் என்பதால், இறாலைத் தேடி இழுபட்ட ஒவ்வொரு மடியிலும் காரல் குவிந்தது. நாட்டுப்படகுகளுக்கும் விசைப்படகுகளுக்கும் மோதல் முற்றியதன் விளைவாக, இராமநாதபுரம் பக்கத்தில் வாரத்தில் மூன்று நாள் விசைப்படகுக்கு, மற்ற நான்கு நாள் நாட்டுப்படகுக்கு என்ற முறை வந்தது. 1983இல் தமிழ்நாடு கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம் வந்தது. கரையை ஒட்டிய நீரில் விசைப்படகு மீன்பிடிக்கக் கூடாது என்றும் விதி உண்டு. இப்போது கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலமும் இருக்கிறது. இலங்கை 2017இல் தன் கடலில் இழுவைமடியையே சட்டத்தால் தடைசெய்துவிட்டது.

விதிகள் இருந்தும் தரை தேறவில்லை என்பதே எங்கள் கரையில் நான் பேசிய மூத்த மீனவர்களின் ஒருமித்த கருத்து. மடியின் அடிக்கயிறும் இரும்புச் சங்கிலியும் தரையை உரசிக்கொண்டே போகும்போது தாழை வேரோடு பிடுங்கப்படுகிறது. சேறு கிளம்பி நீர் கலங்குகிறது. கலங்கிய நீரில் வெயில் இறங்காமல் மீதித் தாழையும் நலிகிறது. காரல் குஞ்சு ஒதுங்கும் இடமும் அதன் தீனியும் சேர்ந்தே போகின்றன. கரையோர நாட்டுப்படகுக்காரருக்கு அதனால் வரும் நட்டம் புள்ளிவிவரத்தில் ஏறாது. சங்காயம் எடைக்கணக்கில் மொத்தமாகப் போவதால், அதற்குள் எந்த இனம் எவ்வளவு குறைந்தது என்று யாரும் பிரித்துப் பார்ப்பதில்லை.

தஞ்சை, புதுக்கோட்டைக் கரைகளை ஒட்டி 448 சதுர கிலோமீட்டர் கடலை 2022இல் கடற்பசுப் பாதுகாப்பகமாகத் தமிழக அரசு அறிவித்தது. கடற்பசுவுக்காகக் காக்கப்படும் தாழை காரல் குஞ்சுக்கும் மறைவிடம். ஆகவே அந்த அறிவிப்பை இந்தச் சிறுமீனின் பொருட்டும் நான் வரவேற்கிறேன்.

ஜூன் 3

ஒருவர் கடுமையாக மறுத்திருக்கிறார்: காரல் ஓராண்டுக்குள் முதிர்ந்து முட்டையிடும் மீன், எவ்வளவு பிடித்தாலும் மீண்டும் பெருகும், ஆகவே நான் மிகைப்படுத்துகிறேன் என்று.

அது விரைவாக வளர்ந்து முட்டையிடும் மீன் என்பது சரி. அதை நான் மறுக்கவில்லை. பிற மீன்கள் நலிந்த பிறகும் காரல் தொடர்ந்து கிடைப்பதற்கு அந்தத் தன்மையே காரணம். ஆனால் பெருகும் ஆற்றல் என்பது பெருகுவதற்கான தரை இருக்கும் வரைக்கும்தான். மேலும், காரலை உண்டு வாழ்பவை பல: தும்பிலி, சீலா, வாளை, கணவாய். சந்தையில் விலை போகும் இந்த மீன்களுக்குத் தீனியாக வேண்டியதை அரைத்துக் கோழிக்குப் போடுகிறோம். போதாக்குறைக்கு, சங்காயக் குவியலில் காரல் மட்டும் இருப்பதில்லை. ஓர் ஆண்டு கடலில் விட்டால் கிலோக் கணக்கில் வளர்ந்திருக்கும் மீன்களின் விரற்கடைக் குஞ்சுகளும் அதில்தான் கிடக்கின்றன.

அவர் சொன்னதில் ஒன்றை மட்டும் மேலும் யோசிக்க வேண்டியிருக்கிறது. சங்காயத்தை வாங்கும் ஆள் இல்லாவிட்டால் படகு கடலிலேயே அதைக் கொட்டிவிட்டு வரும், அதைவிடக் கரைக்குக் கொண்டுவருவது மேல் என்கிறார். முன்பு அப்படிக் கொட்டினார்கள் என்பதும் உண்மை. ஆனால் தீவன ஆலை விலை கொடுக்கத் தொடங்கிய பிறகு, தற்செயலாக விழுந்தது வருமானக் கணக்கில் சேர்ந்துவிட்டது. டீசல் செலவை ஈடுகட்டச் சங்காயத்தையே எதிர்பார்த்து மடி இழுக்கும் நிலை வந்துவிட்டது. வீணாவதைத் தடுக்கிறோம் என்று ஆரம்பித்த ஏற்பாடு, வீணாக்குவதற்கே கூலி தருவதாக மாறியிருக்கிறது. இதில் படகோட்டியை மட்டும் நான் குறைகூற மாட்டேன். கடனில் ஓடும் படகு அது.

ஜூன் 20

தடைக்காலம் முடிந்தபின் இறங்குதளத்துக்குப் போய்வந்தேன். தடை விலகிய முதல் நாள்களில் மீன் தரமாக இருக்கும்; இம்முறையும் அப்படியே. ஒரு விசைப்படகின் தளத்திலிருந்து கூடைகள் இறங்கிக்கொண்டிருந்தபோது, இறாலும் கணவாயும் கண்ணெதிரே பிரிக்கப்பட்டு ஐஸ் பெட்டிக்குள் போயின. காரல் மண்வாரியால் அள்ளப்பட்டது. அந்தக் குவியலில் மேலாக இருந்த மீன் ஒன்றை எடுத்துப் பார்த்தேன்: கண் தெளிவாக, செவுள் சிவப்பாக, முள் இன்னும் நிமிர்ந்து பூட்டியபடி இருந்தது. அடியில் இருந்தவை வயிறு வெடித்துக் குழைந்திருந்தன. சற்றுத் தள்ளி நாட்டுப்படகுக்காரரின் மனைவி ஒருவர் தார்ப்பாயில் காரலைப் பரப்பி, பெரியது சிறியது பிரித்துக் கூறு வைத்துக்கொண்டிருந்தார். அவரிடம் காரல் சங்காயமா என்று கேட்டேன். "வாங்க வந்தீகளா, வம்பு பேச வந்தீகளா தம்பி?" என்றார். ஒரு கூறு வாங்கிக்கொண்டேன்.

ஜூன் 21

கண்ணாடித் தொட்டியில் வளர்க்கலாமா என்று கேட்டவருக்கு: வேண்டாம். கோழை வழிக்கப்பட்டால் தோல் புண்ணாகி இறந்துவிடும். கூட்டத்திலிருந்து பிரித்தால் தீனி எடுக்காது. அதன் ஒளியைப் பார்க்க விரும்பினால் மே 5ஆம் நாள் குறிப்பில் எழுதிய வழி போதும். அதற்கு விசைப்படகு மீன் உதவாது. நாட்டுப்படகு கரை சேரும் நேரத்துக்குப் போய், அங்கேயே ஒதுக்குப்புறமாக இருட்டில் திறந்து பாருங்கள். பார்த்த மீனை வீணாக்காமல் குழம்பில் சேர்த்துவிடலாம்.